கோர்லா பண்டிட்

கோர்லா பண்டிட் (16 செப்டம்பர் 1921 – 2 அக்டோபர் 1998) அமெரிக்கத் தொலைக்காட்சியின் தொடக்க ஆண்டுகளில் பெயர் பெற்ற ஆர்கன் இசைக்கலைஞர். டில்லியில் பிறந்த இந்தியர் என்றே இறக்கும் வரை அறியப்பட்ட இவர், உண்மையில் ஜான் ரோலண்ட் ரெட் என்ற ஆப்பிரிக்க அமெரிக்கர்.

மிசூரி மாநிலத்தின் செயின்ட் லூயிஸ் நகரில் பிறந்து, கொலம்பியா நகரில் வளர்ந்தார். தந்தை பாப்டிஸ்ட் சபையின் போதகர். ரெட் லாஸ் ஏஞ்சலிஸ் வந்தபோது, அங்கே வெள்ளை இசைக்கலைஞர்களுக்கும் கறுப்பினக் கலைஞர்களுக்கும் தனித்தனிச் சங்கங்கள் இருந்தன. வருவாய் மிகுந்த வாய்ப்புகள் வெள்ளையர் சங்கத்தின் வழியாகவே கிடைத்தன. அதனால் முதலில் 'ஹுவான் ரோலாண்டோ' என்ற பெயரில் மெக்சிகோக்காரராக வாசித்தார். 1944இல் டிஸ்னி நிறுவன ஓவியரான பெரில் டிபீசனை மணந்தார். மணமகள் வெள்ளையர் என்பதாலும், கலப்பினத் திருமணத்தைக் கலிபோர்னியச் சட்டம் அப்போது தடை செய்திருந்ததாலும், திருமணம் மெக்சிகோவில் நடந்தது.

அதன் பிறகே 'கோர்லா பண்டிட்' உருவானார். பிராமணத் தந்தைக்கும் பிரெஞ்சு இசை நாடகப் பாடகிக்கும் பிறந்தவர் என்று ஒரு வரலாறும் புனையப்பட்டது. கோட்டு, டையுடன் அவர் அணிந்த மணி பதித்த தலைப்பாகையோ, ஹாலிவுட் படங்கள் காட்டிய மகாராஜாக்களின் சாயலில் அமைந்தது. 1948இல் 'சந்து தி மெஜீஷியன்' வானொலித் தொடருக்கு இசையளித்தார்.

1949இல் லாஸ் ஏஞ்சலிஸின் கே.டி.எல்.ஏ. நிலையம் அவருடைய நிகழ்ச்சியை ஒளிபரப்பத் தொடங்கியது. சுமார் 900 முறை ஒளிபரப்பான அந்நிகழ்ச்சியில் அவர் ஒரு சொல்லும் பேசியதில்லை. ஒரு கையால் ஹாமண்ட் ஆர்கனையும் மறு கையால் பியானோவையும் வாசித்தபடி, கேமராவை இமைக்காமல் நோக்குவார். பேச்சு அமெரிக்கர் என்று காட்டிக்கொடுத்துவிடாமல் இந்த மௌனம் காத்தது. பார்வையாளர்களிடம், குறிப்பாக இல்லத்தரசிகளிடம், மர்மக் கவர்ச்சியையும் வளர்த்தது. இசையில் இந்திய ராகங்களின் இலக்கணம் இல்லை. மேற்கத்திய மெல்லிசையும் லத்தீன் அமெரிக்க நடன மெட்டுகளும் கீழைநாட்டுச் சாயலுடன் ஒலித்தன. பின்னர் 'எக்ஸாட்டிகா' எனப்பட்ட இசைவகையின் முன்னோடிகளுள் ஒருவராக அவர் கருதப்படுகிறார்.

1951இல் லூயி ஸ்னேடர் நிறுவனத்துக்காகத் தொலைக்காட்சி இசைப்படங்களில் வாசித்தார். ஒப்பந்தத் தகராறில் அவர் விலகிய பிறகு, அந்த இடத்துக்கு வந்த பியானோ கலைஞர் லிபராச்சி விரைவில் நாடறிந்த நட்சத்திரமானார். பண்டிட் சான் பிரான்சிஸ்கோ பகுதிக்குப் பெயர்ந்து, ஃபேன்டசி நிறுவனத்துக்காக இசைத்தட்டுகள் பதிவு செய்தார். தொலைக்காட்சிப் புகழ் மங்கிய பின்னும் மேடைகளில் வாசித்துவந்தார். டிம் பர்ட்டனின் 'எட் வுட்' (1994) படத்தில் பண்டிட்டாகவே தோன்றினார்.

அவர் கலிபோர்னியாவின் பெட்டலூமா நகரில் காலமானார். பிறப்பு குறித்த உண்மையை 2001இல் 'லாஸ் ஏஞ்சலிஸ்' இதழில் ஆர். ஜே. ஸ்மித் எழுதிய கட்டுரை வெளிப்படுத்தியது. அவரது வாழ்க்கை 'கோர்லா' என்ற ஆவணப்படமாகவும் வெளிவந்துள்ளது.