மூன்று புள்ளிகளும் ஒரு வீடும்: ‘ஹவ் டு நேம் இட்?’ தலைப்பு வரிசை குறித்து

இளையராஜாவின் ‘ஹவ் டு நேம் இட்?’ இங்கிலாந்தின் ப்ராக்ரஸிவ் ராக் மரத்தில் கிளைத்த தமிழ்க் கிளை என்பது நாமக்கல்லில் இருக்கும் என் மூத்த நண்பர் ஒருவரின் கருத்து. அவர் இதை அச்சில் எழுதியதில்லை. ஆனாலும் சேலம், ராசிபுரம், திருச்செங்கோடு என்று இசைத்தட்டும் கேசட்டும் தேடி அலைந்த எங்கள் சிறு வட்டத்தில் அது வாய்மொழியாகவே வேர்விட்டுவிட்டது. ‘அண்ணே’ என்று அழைத்துப் பழகியவரின் பேச்சைக் ‘கருதுகோள்’ என்று எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது. இருந்தாலும் மறுத்துப் பேசத் தகுந்த வாசிப்பு அவருடையதுதான். ‘ஃப்யூஷன்’ என்ற ஒற்றைச் சொல்லோடு நிறுத்திக்கொள்கிறவர்களிடம் மறுக்க ஒன்றுமில்லை.

அவர் எப்போதும் பிங்க் ஃப்ளாய்டிலிருந்துதான் தொடங்குவார். 1973 மார்ச்சில் வந்த ‘தி டார்க் சைட் ஆஃப் தி மூன்’ இதயத்துடிப்பில் தொடங்கி இதயத்துடிப்பில் முடிகிறது. இடையில் காலம், பணம், பகை, பித்து, சாவு. பாட்டு வரிகள் முழுவதையும் ரோஜர் வாட்டர்ஸ் ஒருவரே எழுதியதால், பொருள் மாறினாலும் பேசுகிற மனம் மாறுவதில்லை. ‘மணி’ பாட்டில் நாணயச் சத்தமும் கல்லாப்பெட்டிச் சத்தமும் ஏழெண்ணிக்கையில் சுழல்கின்றன. ‘டைம்’ பாட்டின் தொடக்கத்தில் ஒன்றாக அலறும் கடிகாரங்கள், ஒலிப்பதிவாளர் ஆலன் பார்சன்ஸ் பழம்பொருள் கடையில் ஒவ்வொன்றாகப் பதிந்து வந்தவை. ஆபி ரோடு கூடத்துக்கு வந்துபோனவர்களிடம் அட்டையில் எழுதிய கேள்விகளைக் காட்டி, அவர்கள் சொன்ன பதில்களைப் பாட்டுகளுக்கு நடுவே செருகியிருக்கிறார்கள். அந்தக் கட்டடத்தின் வாயிற்காவலர் குரலும் அதில் உண்டு. இந்தத் தட்டிலிருந்து ஒரு பாட்டை மட்டும் பிய்த்தெடுத்தால் ரத்தம் வரும் என்பார் நண்பர். ராஜாவின் தட்டும் அப்படித்தான் என்பது அவருடைய முதல் வாதம்.

இரண்டாவது வாதம் பாக். 1968இல் தி நைஸ் குழு பிராண்டன்பர்க் கான்செர்டோ ஒன்றை ராக்குக்கு இழுத்து வந்தது. மறு ஆண்டு ஜெத்ரோ டல் குழு பாக்கின் லூட் இசைத்தொகுதியிலிருந்து ‘போரே’யை எடுத்துப் புல்லாங்குழலில் ஊதியது. எமர்சன், லேக் அண்ட் பால்மர் 1971இல் முசோர்க்ஸ்கியை மேடையேற்றியது. இந்த வரிசையின் கடைசியில் 1986 என்று பொதுவாகக் குறிக்கப்படும் ராஜாவின் தட்டைக் கொண்டுபோய் நிறுத்துகிறார். மூன்றாவதாக, ‘யூ கேனாட் பி ஃப்ரீ’, ‘இட் இஸ் ஃபிக்ஸ்ட்’ போன்ற தலைப்புகள். விடுதலை, விதி என்பவை சினிமாப் பாட்டுத் தட்டில் வராத கனமான சரக்கு. அது ப்ராக்ரஸிவ் ராக்கின் சரக்கு என்பார்.

முதல் வாதத்தில் பாதியை ஏற்கிறேன். இரண்டாவதை ஏற்க முடியவில்லை. மூன்றாவதைத்தான் விரிவாகப் பார்க்க வேண்டும், ஏனென்றால் அவர் தலைப்புகளைச் சொல்கிறாரே தவிர வரிசையாகப் படிக்கவில்லை.

பாக் ராஜாவிடம் வந்த வழி தெரிந்ததே. சென்னையில் தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசையெழுத்தையும் கோட்பாட்டையும் கற்றார். லண்டன் டிரினிட்டி கல்லூரியின் கிடார் தேர்வை எழுதினார். ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து வாத்தியக்காரர்களுக்குத் தாள் எழுதிக் கொடுத்தார். இதில் எந்த இடத்திலும் எலெக்ட்ரிக் கிடாரோடு மேடையில் துள்ளும் பாக் தேவைப்படவில்லை. ‘சிட்டுக்குருவி’ (1978) படத்தின் ‘என் கண்மணி’ பாட்டை நினைத்துப் பாருங்கள். இரண்டு மெட்டுகள் தனித்தனியே பாடப்பட்டு, பிறகு ஒன்றின்மேல் ஒன்று ஏறி ஓடுகின்றன. பாக்கிடமிருந்து பாடமாகக் கற்றது இதுதான். மெட்டை எடுத்து வருவது வேறு வேலை. அந்தப் பாட்டு பேருந்தில் நடக்கிறது, நடுவில் நடத்துநரின் குரலும் வருகிறது. இசைக்கு நடுவே சாதாரண மனிதரின் பேச்சு வருவதற்கு ஆபி ரோடு வாயிற்காவலர் மட்டும்தான் முன்மாதிரி என்றால், கருவாட்டுக் கூடையோடு ஏறியவரை நகரச் சொல்லும் இந்த நடத்துநரை எங்கே வைப்பது?

ராக்கோடு நேரடி உறவு கொண்ட தமிழ் வயலின் வேண்டுமென்றால் எல். சங்கர் இருக்கிறார். ஜான் மெக்லாஃப்லின், ஜாகிர் உசேன், கடம் விநாயக்ராம் ஆகியோரோடு ‘சக்தி’ குழுவில் வாசித்தவர். 1979இல் அவருடைய ‘டச் மீ தேர்’ தட்டைத் தயாரித்தவர் ஃபிராங்க் ஜாப்பா. அந்தக் கிளை வேறு.

இனித் தலைப்புகள். பத்து இசைத்துண்டுகள், பாட்டு வரி கிடையாது. ஆகவே தட்டு சொற்களால் ஏதாவது சொல்கிறதென்றால் தலைப்புகளில் மட்டுமே சொல்ல முடியும். முதல் தலைப்பே தொகுப்பின் பெயர்: இதை எப்படிப் பெயரிடுவது? இரண்டாவது, ‘மேட் மாட் மூட் ஃப்யூக்’. ஃப்யூக் என்ற சொல் லத்தீனில் ஓட்டம், தப்பி ஓடுதல் என்ற பொருளில் இருந்து வந்தது. ஒரு குரல் முன்னே ஓட, மற்றொன்று அதே மெட்டோடு துரத்தும் வடிவம். அதற்கு அடுத்த தலைப்பு, நீ விடுபட முடியாது. ஓடியவனைப் பார்த்துச் சொன்ன பதில் போல இருக்கிறது. நான்காவதான ‘ஸ்டடி ஃபார் வயலின்’ இந்த ஓட்டத்தில் ஒட்டவில்லை. அதை இழுத்துப் பொருத்தப் போவதில்லை. ஐந்தாவது, அது தீர்மானிக்கப்பட்டது. இங்கே தட்டின் பாதி முடிகிறது: பெயர் இல்லை, விடுதலை இல்லை, எல்லாம் விதித்தபடி.

ஆறும் ஏழும்தான் இந்தக் கட்டுரையின் மையம். ‘சேம்பர் வெல்கம்ஸ் தியாகராஜா’, ‘ஐ மெட் பாக் இன் மை ஹவுஸ்’. மேற்கத்திய சேம்பர் இசையின் அறை தியாகராஜரை வரவேற்கிறது. பாக்கைச் சந்திப்பதோ என் வீட்டில். விருந்தாளிகள் இடம் மாறியிருப்பதைக் கவனியுங்கள். திருவையாற்றுக்காரர் ஐரோப்பிய அறைக்குள் போகிறார், லைப்சிக்காரர் தமிழன் வீட்டுக்குள் வருகிறார். பாக் 1750இல் மறைந்து பதினேழு ஆண்டுகளுக்குப் பிறகு, 1767இல்தான் தியாகராஜர் பிறந்தார். உலகில் ஒரு நாள்கூட இருவரும் சேர்ந்து இருந்ததில்லை. இந்தத் தட்டு அவர்கள் இருவருக்கும் காணிக்கையாக்கப்பட்டது என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் ஒவ்வொருவரையும் மற்றவரின் இடத்துக்கு அனுப்பிவைக்கும் இந்த ஏற்பாட்டை யாரும் பெரிதாகப் பேசக் காணோம்.

ஏழாவது துண்டில் கேட்பது, பாக் தனி வயலினுக்கு எழுதிய மூன்றாம் பார்த்தித்தாவின் முகப்பு. அவர் கைப்பட எழுதிய படியில் ஆண்டு 1720. தனி வயலின் என்றால் துணையே கிடையாது. ஒரு மனிதர் தனியாக நிற்காமல் ஓடும் ஓட்டம். அந்தத் தனிமைக்குப் பக்கத்தில் ராஜா இன்னொரு குரலை உட்கார வைக்கிறார். வயலின் வி.எஸ். நரசிம்மன். ஜெத்ரோ டல் ‘போரே’யில் பாக் ஒரு மெட்டு, அவ்வளவுதான். இங்கே அவர் ஆள். வாசல்படி ஏறி வந்தவர். நண்பரின் இரண்டாம் வாதம் எனக்கு உடைவது இந்த வாசலில்தான்.

எட்டாவது தலைப்பில்தான் எனக்குக் கிடைத்த பாடபேதம். பெரும்பாலான பட்டியல்களில் அது ‘அண்ட் வி ஹேட் எ டாக்’ என்று தனித் தலைப்பாக இருக்கிறது. சிலவற்றில் மட்டும் ‘அண்ட்’ என்பதற்கு முன் மூன்று புள்ளிகள் இருக்கின்றன. ஏட்டுச்சுவடிப் பதிப்பில் பழகியவர்களுக்குத் தெரிந்த விதி ஒன்று உண்டு: பிரதி எடுப்பவர் அறியாமல் விட்டுவிடக்கூடியது எது, வலிந்து சேர்க்கக்கூடியது எது என்று பார்க்க வேண்டும். புள்ளியை விடுவது எளிது. நம் பழைய கல்வெட்டுகளிலும் ஓலைகளிலும் மெய்யெழுத்தின் புள்ளியை இடாமலே விட்டிருப்பார்கள், படிக்கிறவர்தான் நிரப்பிக்கொள்ள வேண்டும். கடைப் பட்டியலைத் தட்டச்சு செய்கிற ஒருவர், காரணமே இல்லாமல் ஒரு தலைப்பின் முன்னால் மூன்று புள்ளி வைக்க மாட்டார். ஆகவே புள்ளியுள்ள பாடமே மூலத்துக்கு நெருக்கமானது என்று கொள்கிறேன்.

அப்படிக் கொண்டால் ஏழும் எட்டும் ஒரே வாக்கியமாகின்றன. என் வீட்டில் பாக்கைச் சந்தித்தேன்… பேசிக்கொண்டிருந்தோம். ஒரு துண்டு முடிந்து அடுத்தது தொடங்கும் அந்த மௌனத்தில் புள்ளிகள் நிற்கின்றன. வாக்கியம் தட்டின் இடைவெளியைத் தாண்டுகிறது.

ஆங்கிலத்தின் ‘வி’யைத் தமிழில் சொல்லப் போனால் உடனே சிக்கல். நாங்கள் பேசினோமா, நாம் பேசினோமா? ‘நாங்கள்’ என்றால் ராஜாவும் பாக்கும், கேட்பவர் திண்ணையில். புள்ளிகளை ஆறாம் தலைப்புவரை நீட்டினால் தியாகராஜரும் சேர்ந்து மூவர். ‘நாம்’ என்றால் கேட்கிறவரும் பாயில் உட்கார்ந்தாயிற்று. ஆங்கிலத் தலைப்பு இதை முடிவு செய்வதில்லை. முடிவு செய்யாமலிருக்கவே ராஜா ஆங்கிலத்தில் பெயரிட்டார் என்று சொல்லத் தோன்றுகிறது. அது சற்று அதிகப்படியான ஊகம்தான். ஆனால் ஒன்பதாவது தலைப்பு ‘டோன்ட் கம்பேர்’, ஒப்பிடாதே. அறையும் வீடும் இடம் மாறி, உரையாடலும் நடந்து முடிந்த பிறகு வரும் கட்டளை. நண்பரின் வாசிப்பு முழுவதும் ஒப்பீடு. தட்டே அதை வாய்விட்டு மறுக்கிறது. பத்தாவது, எது வேண்டுமானாலும் செய். ஐந்தில் ‘தீர்மானிக்கப்பட்டது’ என்று மூடிய கதவு பத்தில் திறக்கிறது.

தலைப்புகள் இசைப்பதிவுக்குப் பிறகு ஒட்டவைக்கப்பட்டவையாக இருக்கலாமே என்று கேட்கலாம். இருக்கலாம். அதனால் என் வாதம் பலவீனப்படுவதில்லை. பின்னால் ஒட்டியிருந்தால், ஒட்டியவர் இன்னும் தெளிவாக ஒரு கதையை யோசித்திருக்கிறார் என்றுதான் பொருள். பத்துத் துண்டுகளுக்குத் தற்செயலாகப் பெயர் வைத்தால் அறையும் வீடும் அடுத்தடுத்து வந்து விழாது.

பெயர் விஷயத்தில் நாமக்கல்காரர்களுக்கு ஒரு அனுபவம் உண்டு. மலையின் கிழக்கே குடைந்திருக்கும் அரங்கநாதர் குகையை ஊரே ரங்கநாதர் கோயில் என்கிறது. கல்லில் வெட்டியிருக்கும் பெயர் அதியேந்திர விஷ்ணுகிருகம்; அதியமான் மரபின் குணசீலன் குடைவித்தது. அது ஏழாம் நூற்றாண்டா, எட்டாம் நூற்றாண்டா என்ற வழக்கு தீரவில்லை. எழுதிய பெயர் ஒன்று, நாவில் நிற்கும் பெயர் வேறொன்று. கிருகம் என்றாலும் வீடுதான்.

நண்பரின் முதல் வாதத்தில் பாதியை ஏற்பதாகச் சொன்னேன். தட்டை ஒரே மூச்சில் கேட்க வேண்டும் என்பது சரி. அந்தப் பழக்கம் இங்கிலாந்திலிருந்து வந்தது என்பதுதான் தவறு. எங்கள் பக்கத்துச் சமவெளி உடுக்கடிப் பாட்டில் அண்ணன்மார் சாமி கதையை இரவு முழுக்கக் கேட்ட பூமி. மானிடவியலாளர் பிரெண்டா பெக் 1965இல் காங்கேயம் பக்கம் அதைப் பல இரவுகள் ஒலிப்பதிவு செய்தார். ஒரு பக்கத்துக்கு மூன்று நிமிடத்துக்குச் சற்று மேல் மட்டுமே பிடிக்கும் இசைத்தட்டுக் காலத்தில்கூட, முழு நாடகத்தையும் பல தட்டுகளில் பதிந்து ‘நாடக செட்’ என்று விற்றார்கள். டி.ஆர். சுந்தரம் 1935இல் சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கியபோது, கொட்டகைக்கு வந்தவர்களின் காது இதற்குப் பழகியிருந்தது. பிறகு திரைப்பட வசனம் முழுவதும் ஒலிச்சித்திரமாகக் கல்யாண வீட்டுக் குழாய் ஒலிபெருக்கியில் ஓடியது. படமில்லாமல் கதையைக் காதால் பின்தொடர்வது எங்களுக்குப் புதிதல்ல. ராஜாவின் தட்டு வாத்தியங்களை வைத்து நடத்திய நாடக செட் என்றால் நண்பர் கோபிப்பார்.

கடைசியாக ஆண்டு. 1986 என்றும், அதற்கு ஓரிரண்டு ஆண்டு பின்னால் என்றும் சொல்கிறார்கள். எனக்குக் கிடைத்த உறுதியான எல்லைக்கல் ஒன்றுதான்: பாலு மகேந்திராவின் ‘வீடு’. அந்தப் படத்தின் பின்னணி இசை இந்தத் தொகுப்பிலிருந்தே எடுக்கப்பட்டது. படம் திரைக்கு வந்தது 1988இல்; ஆனால் சிறந்த தமிழ்ப் படம், சிறந்த நடிகை என்ற தேசிய விருதுகளை 1987ஆம் ஆண்டுப் படமாகப் பெற்றது. ஆகவே 1987 முடிவதற்குள் இசை இருந்தாக வேண்டும். 1988 என்பாரைத் தள்ளிவிடலாம். 1986ஆ 1987ஆ என்பதை இந்தச் சான்று தீர்க்காது.

பாக்கை வீட்டில் சந்தித்ததாகச் சொன்ன தட்டு, சென்னையில் சொந்த வீடு கட்டப் போராடும் ஒரு பெண்ணின் கதைக்குள் குடியேறியது. எங்கள் பக்கத்தில் பலர் இதை ‘வீடு’ பட மியூசிக் என்றே சொல்வார்கள். நண்பருக்கு அது எரிச்சல். எனக்கு அதுவே ஆகப் பொருத்தமான பெயராகத் தெரிகிறது.

பழைய கேசட்டின் உள்ளுறையோ இசைத்தட்டின் மேலுறையோ வைத்திருப்பவர்கள், எட்டாம் தலைப்பின் முன்னால் மூன்று புள்ளிகள் இருக்கின்றனவா என்று ஒருமுறை பார்த்துச் சொல்ல வேண்டும்.