லெமூர்: வகைப்பாடு

லெமூர், மடகாஸ்கரின் காடுகளுக்கே உரிய பாலூட்டி. குரங்கும் மனிதனும் அடங்கும் பிரைமேட் வரிசையைச் சேர்ந்தது. ஆனால் குரங்கும் மனிதனும் உலர்மூக்குப் பிரிவு. லெமூர் ஈரமூக்குப் பிரிவு. சீப்புபோல் முன்னோக்கி நிற்கும் கீழ்ப்பற்களும் பின்காலின் இரண்டாம் விரலில் உள்ள கூர்நகமும் பெரும்பாலான லெமூர்களின் அடையாளங்கள். இன்று வாழ்பவை ஐந்து குடும்பங்கள். 100 இனங்களுக்கு மேல்.

இவ்வகைப்பாட்டு வரலாற்றில் புதுச்சேரிக்கும் இடமுண்டு. அங்கே பல ஆண்டுகள் பிரெஞ்சு அரசுப் பணியில் இருந்த இயற்கையியலாளர் பியர் சொன்னெரா (1748–1814), 1782-இல் வெளியான தம் பயண நூலில் இந்திரி, ஐ-ஐ என்னும் இரு லெமூர்களை விவரித்தார். ஐ-ஐ அறிஞர்களை வெகுகாலம் குழப்பியது. ஓயாமல் வளரும் அதன் முன்பற்களையும் அடர்ந்த வாலையும் கண்டு, 1788-இல் ஜெர்மானிய இயற்கையியலாளர் க்மெலின் அதை அணில் பேரினத்தில் வைத்தார். 1860-களில் ஆங்கிலேய உடற்கூற்றியலாளர் ரிச்சர்ட் ஓவன் அதன் உடற்கூற்றை நுணுகி ஆராய்ந்த பிறகே அது பிரைமேட் என்பது உறுதியானது. பல்லையும் வாலையும் மட்டும் பார்த்து உறவு சொல்வது எவ்வளவு ஆபத்து என்பதற்கு இதைவிட நல்ல சான்று இல்லை.

பெயரும் ஏமாற்றக்கூடும்: தென்கிழக்காசியாவின் 'பறக்கும் லெமூர்' லெமூரே அன்று. அது தனி வரிசை.

லெமூருக்கு நம் மண்ணில் உள்ள நெருங்கிய உறவு தேவாங்கு. வகைப்பாட்டியலின் முன்னோடியான லின்னேயசு 1758-இல் தேவாங்கையும் லெமூர்ப் பேரினத்திலேயே சேர்த்திருந்தார். இன்று அது ஈரமூக்குப் பிரிவுக்குள் தனிக் குடும்பம். கரூர், திண்டுக்கல் மாவட்டங்களில் 11,806 ஹெக்டேர் பரப்பில் அமைந்த கடவூர் தேவாங்கு சரணாலயம், இந்தியாவில் இவ்விலங்குக்கென 2022-இல் அறிவிக்கப்பட்ட முதல் சரணாலயம்.