பழைய உடம்பில் புதிய முகம்: ரெஸ்லிங் கேமில் படம் மாற்றிய காலம்

இன்றைய பதிவு கொஞ்சம் நீளம். தலைப்பைப் பார்த்துவிட்டு "சேருக்கு இந்த வயதில் கேம் விளையாட்டோ" என்று சிரிக்க வேண்டாம். கடைசிவரை வாசித்தால், வீட்டில் அலுமாரியைத் திறந்து பார்க்க வேண்டிய ஒரு வேலையும் இதில் இருக்கிறது.

புத்தளத்தில் நாங்கள் உயர்தரம் எழுதி முடித்திருந்த காலம். எங்கள் கூட்டத்தில் ஒருவன் வீட்டில்தான் கணினி இருந்தது. ரெஸ்லிங் பைத்தியம் எல்லோருக்கும் இருந்தது. ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டுக் கடையில் ஒரு சீடி வாங்கினோம். உறையில் ஜோன் சீனா, ரண்டி ஓர்ட்டன், சிஎம் பங்க். "தம்பி, இந்த வருஷம் வந்த புதுக் கேம்" என்றார் கடைக்காரர்.

போட்டுப் பார்த்தோம். முகங்கள் புதியவைதான். ஆனால் சீனாவின் நடை சீனாவின் நடையாக இல்லை. அடிக்கும் அடியும் வேறு யாருடையதோ. சந்தேகப்பட்டு ஃபோல்டரைத் திறந்தோம். பாதிக் கோப்புகளின் திகதி 2002. பத்து வருடப் பழைய கேம் ஒன்றுக்குப் புது முகம் ஒட்டி எங்களுக்கு விற்றிருக்கிறார்கள்!

முதலில் கோபம் வந்தது. பிறகு எங்களுக்கு வந்த கேள்வி: இதை எப்படிச் செய்தார்கள்?

அந்தக் கேமின் வரலாறு இதுதான். அங்கர் என்ற நிறுவனம் உருவாக்கி, டி.எச்.கியூ நிறுவனம் வெளியிட்ட 'றோ' என்ற ரெஸ்லிங் கேம் 2002 பெப்ரவரியில் எக்ஸ்பாக்ஸுக்கு வந்தது. அதே வருடத்தின் பிற்பகுதியில் கணினிக்கும் வந்தது. தி ரொக், ஸ்டோன் கோல்ட், அண்டர்டேக்கர், கேர்ட் ஆங்கிள் எல்லோரும் இருந்தார்கள். சீனா இல்லை. அவர் டபிள்யூ.டபிள்யூ.ஈயின் பிரதான தொலைக்காட்சி நிகழ்ச்சியில் முதன்முதல் தோன்றியதே அந்த வருடம் ஜூன் மாதத்தில்தான்.

அதற்குப் பிறகு வந்த நல்ல ரெஸ்லிங் கேம்கள் எல்லாம் பிளேஸ்டேஷனுக்கும் எக்ஸ்பாக்ஸுக்கும் போயின. கணினிக்கு அந்தப் பிரதான வரிசையில் அடுத்தது வந்தது 2015 ஏப்ரலில்: 'டபிள்யூ.டபிள்யூ.ஈ 2கே15'. நடுவில் பன்னிரண்டு வருடத்துக்கு மேல் இடைவெளி.

எங்களைப் போன்ற வீடுகளில் பிளேஸ்டேஷன் வாங்கித் தர ஆளில்லை. கணினி மட்டும் எப்படியாவது வந்துவிடும், "படிப்புக்கு" என்று சொன்னால். ஆகவே கணினிதான் எங்களுக்கு மைதானம். இந்தியா, பாகிஸ்தான் என்று பல இடங்களிலும் இதே கதைதான். அந்த ஒரே பழைய கேமை ரசிகர்களே சாகவிடாமல் வைத்திருந்தார்கள். வருடா வருடம் புதிய வீரர்களின் முகம், உடை, பெயர், பாட்டு எல்லாவற்றையும் மாற்றி, 'டோட்டல் எடிஷன்', 'அல்டிமேட் இம்பாக்ட்' என்று புதுப் பெயர்களில் வெளியிட்டார்கள். கடைக்காரர்கள் அதை சீடியில் அடித்து விற்றார்கள். செய்தவர்களுக்கு ஒரு சதமும் போயிருக்காது.

பிறகு நாங்களும் அந்த வேலையைப் பழகினோம். சண்டைக்கு முன் வீரரைத் தெரிவு செய்யும்போது சிறு பெட்டியில் வரும் முகப் படத்தை மாற்றுவதில் தொடங்கினோம். சொல்லும்போது சின்ன வேலை, செய்தால் ஒரு இரவு போகும். நல்ல படம் ஒன்று தேட வேண்டும். தலைமுடி ஓரம் பிசிறாமல் பின்னணியை வெட்டி எடுக்க வேண்டும். பழைய படம் என்ன அகலம், என்ன உயரமோ அதே அளவுக்குக் கொண்டுவர வேண்டும். இந்தப் படங்கள் பெரும்பாலும் 128, 256, 512 என்ற இரட்டிப்புக் கணக்கில்தான் இருக்கும். கடைசியாக, பழைய கோப்பின் பெயரையே எழுத்துக்கு எழுத்துப் புதிய படத்துக்கு வைக்க வேண்டும்.

அந்தக் கடைசி வேலைதான் முக்கியம். கேமுக்கு முகம் தெரியாது, பெயர்தான் தெரியும். அந்தப் பெயரில் எந்தப் படம் இருக்கிறதோ அதைக் காட்டும். பெயரைப் பிழையாக வைத்தால் அண்டர்டேக்கர் வரவேண்டிய இடத்தில் ரே மிஸ்டீரியோ சிரிப்பார்.

இன்னொரு பாடமும் பட்டுத் தெரிந்தது. ஒருநாள் பழைய கோப்புகளைப் பிரதி எடுக்காமல் நேரடியாக மாற்றினோம். கேம் திறக்கவே இல்லை. அசல் போய்விட்டது. திரும்பவும் கடைக்குப் போய் அந்த சீடியையே இரண்டாம் தடவை காசு கொடுத்து வாங்கினோம். அன்றிலிருந்து 'அசல்' என்று ஒரு ஃபோல்டர் போட்டு, எதையும் தொடும்முன் அதில் ஒரு பிரதி வைப்போம்.

படம் மாற்றுவதற்கு இன்னும் இலேசான கேம்களும் இருந்தன. இங்கிலாந்தைச் சேர்ந்த அடம் ரைலண்ட் என்பவர் தனி ஆளாக உருவாக்கியவை. அதில் நாம் அடிபடுவதில்லை. ஒரு ரெஸ்லிங் கம்பனியை நடத்துகிறோம்: யாருக்குச் சம்பளம், யாருக்கு யாரோடு சண்டை என்று முடிவெடுப்பது நாங்கள். எல்லாம் எழுத்துத்தான். 'எக்ஸ்ட்ரீம் வோர்ஃபெயார் ரிவெஞ்ச்' 2002இல் இலவசமாகவே வந்தது. பிறகு 'டோட்டல் எக்ஸ்ட்ரீம் ரெஸ்லிங்' என்ற வரிசை காசுக்கு வந்தது. காசுக்கு விற்கும்போது உண்மையான வீரர்களின் பெயரைப் போட முடியாது அல்லவா? அதனால் அவர் கற்பனையாக ஒரு ரெஸ்லிங் உலகத்தையே படைத்தார். ரசிகர்கள் அதற்குள் உண்மை வீரர்களின் விபரங்களைச் சேர்த்தார்கள். 150க்கு 150 அளவில் ஆயிரக்கணக்கான முகங்களை வெட்டித் தொகுத்தார்கள். நல்ல தொகுப்புகளில் எந்தப் படத்தை யார் வெட்டினார் என்று ஒரு சிறு குறிப்பும் இருக்கும். படம் இல்லாத ஆளுக்கு முகமில்லாத ஒரு வெற்றுப் படம்தான் வரும்.

பெட்டிக்குள் யாருடைய முகம் போகிறது என்பது சின்ன விஷயமில்லை. முஹம்மத் ஹசன் என்ற ரெஸ்லரை எங்கள் வயதினர் மறந்திருக்க மாட்டார்கள். 2004 கடைசியில் வந்தார். செப்டெம்பர் 11க்குப் பிறகு அமெரிக்காவில் அரபு மக்களைச் சந்தேகத்தோடு பார்க்கிறார்கள் என்று மேடையில் கோபப்படும் பாத்திரம். நாங்கள் "நம்மட ஆள்" என்று கைதட்டினோம். ஆனால் அந்தப் பாத்திரத்தை வில்லனாகவே எழுதினார்கள். முகம் மூடியவர்கள் வந்து அண்டர்டேக்கரைத் தாக்கும் காட்சி 2005 ஜூலை 7ஆம் திகதி அமெரிக்காவில் ஒளிபரப்பானது. அன்றுதான் லண்டனில் குண்டுகள் வெடித்தன. எதிர்ப்பு கிளம்பியது. அதே மாதம் பாத்திரம் முடிக்கப்பட்டது. அந்த மனிதர் முஸ்லிமும் இல்லை, அரபியும் இல்லை. மார்க் கோப்பானி என்ற இத்தாலிய வம்சாவளி அமெரிக்கர் என்று பிறகுதான் அறிந்தோம். ரெஸ்லிங்கை விட்டுப் போய் அவர் பாடசாலை அதிபரானது இன்னொரு கதை.

மறுபக்கம் சாமி ஸேன். சிரிய வம்சாவளிக் கனடியர், உண்மையிலேயே முஸ்லிம். அவர் 2013 வரை மெக்சிகோக்காரர் போல முகமூடி போட்டுக்கொண்டுதான் சண்டை பிடித்தார். முஸ்லிம் அல்லாதவர் முஸ்லிம் முகமாகக் காட்டப்பட்டார். முஸ்லிம் முகமூடிக்குள் இருந்தார். பிறகுதான் சொந்த முகத்தோடு மேடைக்கும் கேம்களுக்கும் வந்தார்.

இதையெல்லாம் யோசிக்கும் வயது அப்போது எங்களுக்கு இல்லை. நாங்கள் செய்தது எங்கள் ஆட்களையே அந்தக் கேமுக்குள் சேர்த்ததுதான். முடிவெட்டும் நானா ஒரு ரெஸ்லர். எங்களை ஓயாமல் துரத்தும் ஐஸ்பழக்காரர் ஒரு ரெஸ்லர். கணக்குப் பாட சேர் நடுவர். கைப்பேசியில் படம் எடுத்து, வெட்டி, பெட்டியில் போட்டுச் சிரித்துக்கொண்டிருந்தோம்.

ஒருநாள் கணினிக்காரன் சொன்னான்: "எங்கட மூத்தவாப்பாவப் போடுவம்." யாழ்ப்பாணத்தில் லொறிக்கு மூட்டை ஏற்றியவர். ஒரே தோளில் இரண்டு மூட்டை தூக்குவார் என்று வீட்டில் கதை. பெயர் போட்டோம், நிறை போட்டோம், பலம் நூற்றுக்கு 95 போட்டோம். படம் வேண்டும். அவன் உள்ளே போய் உம்மாவிடம் கேட்டான்.

"போட்டோ எல்லாம் வீட்டோட போச்சு மகன்" என்று மட்டும் சொன்னார். பிறகு அடுப்படிக்குப் போய்விட்டார்.

1990 ஒக்டோபர் 30 பற்றி உங்களுக்கு நாங்கள் சொல்லித் தர வேண்டியதில்லை. யாழ்ப்பாண முஸ்லிம்களை இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேறும்படி விடுதலைப் புலிகள் கட்டளையிட்ட நாள். வடக்கு முழுவதிலுமிருந்து அந்த மாதத்தில் 70,000க்கும் மேற்பட்டவர்கள் துரத்தப்பட்டார்கள். நகை, காசு, காணி உறுதி போனதைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறோம். அல்பம் போனதைப் பற்றிப் பேசியது குறைவு. கைக்குழந்தையைத் தூக்குவதா, அல்பத்தைத் தூக்குவதா என்றால் யாரும் குழந்தையைத்தான் தூக்குவார்கள். அந்தக் குழந்தைகள்தான் நாங்கள்.

அன்று அந்தப் பெட்டிக்குள் வேறு யாருடைய முகத்தையாவது போட்டிருக்கலாம். அவன் விடவில்லை. முகமில்லாத வெற்றுப் படத்தோடுதான் அவனுடைய மூத்தவாப்பா எங்கள் கேமில் சம்பியன் ஆனார்.

இந்த வரலாற்றில் இன்னொரு இழப்பும் உண்டு. ரசிகர்கள் வருடக்கணக்கில் வெட்டிச் சேர்த்த முகங்களில் பெரும்பகுதி இன்று இல்லை. இலவசமாகக் கோப்புகளை வைத்த 'மெகாஅப்லோட்' தளத்தை 2012 ஜனவரியில் அமெரிக்க அரசு மூடியது. 'போட்டோபக்கெட்' 2017இல் திடீரென்று காசு கேட்டது; வேறு பக்கங்களில் காட்டப்பட்டுவந்த அதன் படங்கள் ஒரே நாளில் மறைந்தன. பொதுவான ஒரு இடத்தில் இருக்கிறது என்று நம்பிச் சொந்தப் பிரதி வைக்காதவர்கள் எல்லாவற்றையும் இழந்தார்கள். முகநூலில் போட்டாயிற்று, இனிக் கவலையில்லை என்று நினைக்கும் நமக்கும் இது பொருந்தும்.

இப்போது ஏன் இதை எழுதுகிறோம்? கடந்த மாதம் தரம் 10 மாணவர் ஒருவர் கைப்பேசியைக் கொண்டுவந்து காட்டினார். அவருடைய அப்பாவின் அப்பாவுடைய படம், குடும்பத்தில் மிஞ்சிய ஒரே படம். மங்கிப் போயிருந்ததை ஒரு செயலியில் போட்டுத் துப்புரவாக்கியிருந்தார். கறுப்பு வெள்ளை கலராகிவிட்டது. கண் பளிச்சென்று இருந்தது. வீட்டில் காட்டியபோது உம்மம்மா நெடுநேரம் பார்த்துவிட்டுச் சொன்னாராம்: "ஆள் வடிவாத்தான் இருக்கிறார். ஆனா இது அவரில்ல."

அது உண்மை. அந்தச் செயலி மங்கிய இடத்தில் இருந்ததைக் கண்டுபிடிப்பதில்லை, தானாக ஒன்றை வரைகிறது. பழைய உடம்பில் புதிய முகம். கேமில் அது விளையாட்டு. வீட்டில் அது பிழையான வரலாறு. இன்னும் முப்பது வருடத்தில் "அவரில்ல" என்று சொல்ல அந்த உம்மம்மா இருக்க மாட்டார்.

ஆகவே, அந்தப் பழைய வேலையில் நாங்கள் கற்றவற்றையே உங்களிடம் கேட்கிறோம்:

1. அசலைத் தொட வேண்டாம். முதலில் உள்ளபடியே ஸ்கேன் செய்யுங்கள், அல்லது பகல் வெளிச்சத்தில் நேராக வைத்துப் படம் எடுங்கள். செயலியில் போட விரும்பினால் பிரதியில் மட்டும் செய்து, 'மாற்றியது' என்று பெயரிலேயே எழுதுங்கள்.

2. பெயர் வையுங்கள். வருடம், இடம், இடமிருந்து வலமாக ஆட்களின் பெயர். தெரியாவிட்டால் 'தெரியாது' என்று எழுதுங்கள், ஊகித்து எழுத வேண்டாம். பெயர் இல்லாத முகம் அடுத்த தலைமுறைக்கு வெற்றுப் பெட்டிதான்.

3. யாரிடமிருந்து கிடைத்தது என்று குறியுங்கள்.

4. இரண்டு இடத்தில் வையுங்கள். ஒன்று பென் டிரைவில், ஒன்று வேறு ஊரில் உள்ள உறவினரிடம்.

5. வீட்டுப் பெண்களின் படங்களைக் கேட்காமல் பொதுவில் போட வேண்டாம். குடும்பத்துக்குள் சேமித்தாலே போதும்.

நமது தமிழ் அயலவர்களிடமும் கேளுங்கள். 1995 இடம்பெயர்வில் அவர்களும் நிறைய இழந்தவர்கள்தான். ஆனாலும் ஒரு கலியாண வீட்டுப் படத்தின் ஓரத்தில், ஒரு விளையாட்டுப் போட்டிக் குழுப் படத்தில், ஒரு கடை வாசலில் நம்மவர் ஒருவர் நிற்கலாம். வைத்திருப்பவருக்கு அவர் யாரென்று தெரியாது. நமக்குத் தெரியும்.

அந்த நண்பனின் மூத்தவாப்பாவுக்கு இன்னும் படம் கிடைக்கவில்லை. 1980களில் சோனகத்தெருப் பக்கம் லொறிக்கு மூட்டை ஏற்றியவர்கள் நிற்கும் படம் ஏதாவது உங்கள் வீட்டில் இருந்தால், எவ்வளவு மங்கியிருந்தாலும் பரவாயில்லை, உள்பெட்டியில் அனுப்புங்கள். அவருடைய மகள் உயிரோடு இருக்கிறார். பார்த்தால் சொல்லிவிடுவார்.