ஊராத்துறையில் கட்டிய கப்பல்கள்

நாற்புறமும் கடல் சூழ்ந்த நாட்டுக்குக் கடற்படை இயல்பாகவே அமைந்துவிடும் என்று நினைக்கத் தோன்றும். இலங்கையின் பழைய வரலாற்றைப் படிக்கும்போது அந்த நினைப்பு நிலைப்பதில்லை. பாலி வரலாற்று நூல்களில் கடல் பெரும்பாலும் பிறர் வந்து இறங்கும் வழியாகவே இருக்கிறது. சிலப்பதிகாரம் கயவாகு என்று குறிப்பிடும் கஜபாகு மன்னன் சோழநாட்டுக்குப் படையெடுத்துச் சென்ற கதை சிங்கள மரபில் மிகவும் புகழ்பெற்றது. அதில் அவன் கப்பலேறிப் போகவில்லை. இரும்புத் தண்டால் கடலை அடிக்கிறான். கடல் பிளந்து வழிவிடுகிறது. பின்னாளில் இராஜாவலிய போன்ற நூல்களில் இடம்பெற்ற இக்கதையைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஒரு வியப்பு எழும். ஒரு தீவின் கற்பனையில், கடலைக் கடக்கக் கப்பலைவிடத் தண்டு எளிதாகப் பட்டிருக்கிறது!

இதற்குப் பெரிய விதிவிலக்கு பொலன்னறுவையிலிருந்து ஆண்ட முதலாம் பராக்கிரமபாகு (1153-1186). கடல் கடந்து இரண்டு திசைகளில் போர் தொடுத்த மன்னன் அவன். முதல் போர் பர்மாவின் மீது, அந்நாளைய பெயரில் ராமஞ்ஞ தேசத்தின் மீது, ஏறத்தாழ 1165இல் நடந்தது. சூளவம்சம் இதற்குக் கூறும் காரணங்களுள் முதன்மையானது யானை வணிகம். பர்மிய அரசன் யானை விலையை உயர்த்தினான், இலங்கைத் தூதர்களை அவமதித்தான், கப்பல்களைப் பறித்துக்கொண்டான். சமய உறவால் பிணைந்த இரு பௌத்த நாடுகள் யானை விலைக்காகப் போரிட்டன என்பது பலருக்குச் சுவையாக இராது. ஆனால் கடற்போர்கள் பெரும்பாலும் சரக்கில்தான் தொடங்குகின்றன.

போருக்கான ஆயத்தத்தைச் சூளவம்சம் விவரிக்கும் பகுதி, பதின்மூன்றாம் நூற்றாண்டுப் பிக்கு ஒருவர் எழுதியதாகக் கொள்ளப்படும் காவியத்தில் எதிர்பாராத அளவுக்கு நடைமுறை அறிவு கொண்டது. ஐந்து மாதம் கப்பல்கள் ஆயத்தமாயின. ஓராண்டுக்கான உணவு ஏற்றப்பட்டது. நஞ்சு தோய்ந்த அம்பு பட்ட புண்ணுக்கான மருந்து மாட்டுக் கொம்புகளில் அடைத்து வைக்கப்பட்டது. சதுப்பு நிலத்து நச்சுநீருக்கு மாற்று மருந்து, உடலில் தைத்த அம்பு முனையைப் பிடுங்க இரும்புக் குறடு, மருத்துவர்கள், பணிவிடை செய்யும் பெண்கள் என்று பட்டியல் நீள்கிறது. புகழ்ச்சிக்காகப் புனைபவர் வாள்களைப் பெருக்குவார், குறட்டை நினைக்கமாட்டார். இந்தப் பகுதியை நான் நம்புவதற்கு அதுவே காரணம்.

கப்பல்கள் பல்லவவங்கம் என்ற துறையிலிருந்து புறப்பட்டன. 'வங்கம்' என்றதும் சங்க இலக்கியம் படித்த நமக்குக் கப்பல் நினைவு வரும். அவசரப்பட வேண்டாம், பாலியில் வங்க என்றால் வளைவு, ஆகவே வளைகுடாவாகவும் இருக்கலாம். நடுக்கடலில் புயல் கப்பல்களைச் சிதறடித்தது. ஐந்து கப்பல்கள் நகரகிரி கித்தி என்பவனின் தலைமையில் குசுமி துறையை அடைந்தன. ஒரு கப்பல் பப்பாலம் என்ற துறையை அடைந்தது. அதன் தலைவன் பெயர் ஆதிச்சன், பட்டம் 'தமிளாதிகாரி'. தமிழனான அதிகாரி என்றும், தமிழ்ப் படைக்கு அதிகாரி என்றும் இருவகையாகவும் பொருள் கொள்ளலாம். எப்படிக் கொண்டாலும், பர்மியக் கரையில் இறங்கிய 'சிங்களக் கடற்படை'யில் தமிழர் இருந்தனர்.

கித்தியின் வெற்றிக்குக் கேகாலை மாவட்டத்துத் தேவநகலக் கல்வெட்டும் சான்று. அவனுக்கு மன்னன் நிலம் வழங்கியதை அது பதிவு செய்கிறது. சூளவம்சம் பர்மிய அரசன் கொல்லப்பட்டதாகவே பாடிவிடுகிறது. கல்வெட்டோ குசுமி துறை தாக்கப்பட்டதையும் அந்நாட்டார் உடன்பாடு வேண்டியதையும் பேசுகிறது. காவியத்துக்கும் கல்லுக்கும் உள்ள இந்த இடைவெளி அடுத்த போரில் பெரும் பிளவாகிவிடுகிறது.

மதுரையில் பராக்கிரம பாண்டியனைக் குலசேகரன் முற்றுகையிட, பாண்டியன் இலங்கையிடம் உதவி கேட்டான். இலங்காபுர தண்டநாயகன் வருவதற்குள் பாண்டியன் கொல்லப்பட்டுவிட்டான். ஆயினும் படை இராமேசுவரத்தைக் கைப்பற்றி முன்னேறியது. சூளவம்சத்தின்படி எல்லாம் வெற்றி. மன்னன் பெயரில் காசு வெளியிடப்பட்டது, வெற்றியின் நினைவாகப் பாண்டுவிஜயம் என்று ஓர் ஊர் தானமாயிற்று. அத்துடன் நூல் இந்தப் பேச்சை முடித்துக்கொள்கிறது.

மீதிக் கதை நம் பக்கத்துக் கோயில் சுவர்களில் இருக்கிறது. காஞ்சிபுரத்தை அடுத்த ஆர்ப்பாக்கத்துக் கல்வெட்டு அச்சத்தின் ஆவணம். இராமேசுவரத்தில் வழிபாட்டை நிறுத்திக் கருவூலத்தைக் கவர்ந்த ஈழப்படையைக் கண்டு கலங்கிய எதிரிலிச் சோழச் சம்புவராயன், உமாபதிதேவர் என்ற ஞானசிவதேவரை வேண்டினான். அவர் இருபத்தெட்டு நாள் பூசை செய்தார். பகைப்படை தோற்றதும் ஆர்ப்பாக்கம் ஊரே அவருக்குத் தானமாயிற்று. கடல் கடந்து வந்த ஒரு படை தொண்டைமண்டலம் வரை உறக்கம் கெடுத்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. பல்லவராயன்பேட்டைக் கல்வெட்டு, இலங்காபுர தண்டநாயகன் முதலானோரின் தலைகள் மதுரைக் கோட்டை வாயிலில் ஆணியடித்துத் தைக்கப்பட்டதைச் சொல்கிறது. சோழரால் அரியணை பெற்ற குலசேகரனே பின்னர் இலங்கையின் பக்கம் சாய்ந்து அந்தத் தலைகளை அகற்றச் செய்தான். சோழர் அவனை நீக்கி, இலங்கையின் ஆளாக இருந்த பராக்கிரம பாண்டியனின் மகன் வீரபாண்டியனை அமர்த்தினர். இனத்தை வைத்து இந்தப் போரைப் புரிந்துகொள்ள முயல்வோர் இந்த இடத்தில் தடுக்கி விழத்தான் வேண்டும்.

எனக்கு மிக முக்கியமாகப் படுவது திருவாலங்காட்டுக் கல்வெட்டு. இரண்டாம் இராசாதிராசனின் பன்னிரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. பராக்கிரமபாகு மீண்டும் படையெடுக்கப் படை திரட்டிக் கப்பல் கட்டிவந்த இடங்களை அது பெயர் சொல்லிப் பட்டியலிடுகிறது: ஊராத்துறை, புலைச்சேரி, மாதோட்டம், வல்லிகாமம், மட்டுவாள். யாழ்ப்பாணத்தை அறிந்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. ஊராத்துறை இன்றைய ஊர்காவற்றுறை, வல்லிகாமம் வலிகாமம், மட்டுவாள் மட்டுவில், மாதோட்டம் மன்னார்க் கரையில் இருக்கிறது. சோழ அரசு பராக்கிரமபாகுவின் மருமகனும் அரியணைக்குப் போட்டியாளனுமான சீவல்லவனைப் படையுடன் அனுப்பி அத்துறைகளைத் தாக்கச் செய்தது. இலங்கை வேந்தனின் கப்பல் தளங்களை அழிக்கத் தமிழக அரசு அனுப்பியது ஓர் இலங்கை இளவரசனை. அவன் அழித்ததோ இன்று தமிழர் வாழும் கரைகளை.

அதே ஊராத்துறைக்குப் பராக்கிரமபாகு விதித்த துறைமுகச் சட்டம் நயினாதீவு நாகபூசணி அம்மன் கோயிலில் கல்லாக நிற்கிறது. கா. இந்திரபாலா இதனை ஆய்ந்து வெளியிட்டார். வெளிநாட்டு வணிகர் ஊராத்துறையில் வந்து தங்கவேண்டும், அவர்களுக்குப் பாதுகாப்பு உண்டு என்று அது உறுதி தருகிறது. யானையும் குதிரையும் ஏற்றிவரும் கப்பல் உடைந்தால் கால்பங்கு அரசுக்கு, முக்கால்பங்கு உடையவனுக்கு. மற்றச் சரக்குக் கப்பல் உடைந்தால் பாதிக்குப் பாதி. போர் விலங்கு கொண்டுவருவோனுக்குச் சலுகை! பர்மியப் போரின் காரணம் இங்கே சட்டமாக மாறியிருக்கிறது. இந்த ஆணையின் மொழி தமிழ். பொலன்னறுவை அரசனுக்குத் தன் துறைமுகத்தில் எந்த மொழி செல்லும் என்பது தெரிந்திருந்தது. அதைப் பின்வந்த அரசுகள் மறந்ததற்கு அவனைக் குறை சொல்ல முடியாது.

அவனுக்குப் பின் தீவின் கடல் மீண்டும் பிறர் வழியாயிற்று. 1215இல் கலிங்கத்து மாகன், 1247இல் சாவகத்துச் சந்திரபானு, 1411இல் மன்னனையே சிறைபிடித்துச் சென்ற சீனத் தளபதி செங் ஹே, பிறகு போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், ஆங்கிலேயர். தீவுக்கெனத் தனிக் கடற்படை 1950 டிசம்பர் 9இல்தான் சட்டப்படி அமைந்தது. அந்தக் கடற்படை 2019இல் இரண்டு கப்பல்களைச் சேர்த்துக்கொண்டது. அமெரிக்கக் கடலோரக் காவல்படையில் ஓய்வுபெற்று வந்த கப்பலுக்குக் கஜபாகு என்றும், சீனா அன்பளிப்பாக அளித்த போர்க்கப்பலுக்குப் பராக்கிரமபாகு என்றும் பெயர். ஊர்காவற்றுறைக்கு எதிரே, குறுகிய நீர்ப்பரப்புக்கு அப்பால், காரைநகரில் அக்கடற்படையின் தளம் ஒன்று இருக்கிறது. அதன் பெயர் 'எலார'. மகாவம்சம் நீதிமான் என்று போற்றிய, துட்டகைமுனுவிடம் தோற்ற, நம் எல்லாளன்.