எடிட்டிங் உதவி: ஸ்விலோவா

‘மூவி கேமராவுடன் மனிதன்’ படத்தை முதல் தடவை பார்த்தப்போ எனக்குப் பிடித்தது அந்தக் கேமராக்காரரைத்தான். ஆலைப் புகைபோக்கியில் ஏறுகிறார், ஓடும் காரில் நின்றபடி படம் பிடிக்கிறார். பெரிய சாகசக்காரர்! இரண்டாம் தடவைதான் அந்தப் பெண்ணைக் கவனித்தேன்.

படத்தின் நடுவில் ஓடிக்கொண்டிருந்த குதிரை சட்டென்று உறைகிறது. அடுத்து, மேசை முன்னால் ஒரு பெண் உட்கார்ந்து பிலிம் சுருளை வெளிச்சத்தில் பார்த்துக்கொண்டிருக்கிறார். சுருளின் ஒரு கட்டத்தில் ஒரு குழந்தையின் முகம். அவர் வெட்டுகிறார், ஒட்டுகிறார். அசையாமல் கிடந்த முகம் உயிர் பெறுகிறது.

அவர் பெயர் எலிசவேதா ஸ்விலோவா. 1900இல் பிறந்தவர். பதின்வயதிலேயே மாஸ்கோவில் பிலிம் வேலைக்கு வந்துவிட்டார். இயக்குநர் ஜிகா வெர்த்தோவின் மனைவி. கேமராக்காரர் மிகயீல் காவ்ஃப்மன், வெர்த்தோவின் தம்பி. 1929இல் வந்த இந்தப் படம் ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம்தான் கூட. ஆனால் 1,700க்கும் மேற்பட்ட ஷாட்கள். கீவ், ஒடெஸா, கார்கிவ், மாஸ்கோ எல்லாம் ஒரே ஊராகத் தெரிவது இந்த மேசையில் நடந்த வேலையால்தான். 2014இல் ‘சைட் அண்ட் சவுண்ட்’ நடத்திய வாக்கெடுப்பில் எல்லாக் காலத்துக்குமான சிறந்த ஆவணப்படமாக இது முதலிடம் பெற்றது.

சரி, டைட்டிலில் அவரை என்னவென்று போட்டார்கள்? ‘எடிட்டிங் உதவியாளர்’.

அதோடு அவர் கதை முடியவில்லை. 1945 ஜனவரி 27 அன்று செம்படை ஆஷ்விட்ஸ் முகாமை விடுவித்தது. அங்கே படப்பிடிப்பாளர்கள் எடுத்த காட்சிகளைத் தொகுத்து ‘ஆஷ்விட்ஸ்’ ஆவணப்படத்தை உருவாக்கியவர் ஸ்விலோவா. பிறகு ரோமன் கார்மெனோடு சேர்ந்து நூரம்பெர்க் விசாரணை பற்றிய படத்திலும் வேலை செய்தார். உலகமே நம்ப மறுத்திருக்கக்கூடிய காட்சிகள் அவை. எதை, எந்த வரிசையில், எவ்வளவு நேரம் காட்டுவது என்று ஒருவர் அவற்றைத் திரும்பத் திரும்பப் பார்த்து முடிவெடுக்க வேண்டும். அதை உதவி என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

1954இல் வெர்த்தோவ் இறந்தார். கடைசி வருடங்களில் ஏறக்குறைய ஒதுக்கப்பட்டிருந்த மனிதர். அதன்பின் 1975இல் தான் இறக்கும்வரை ஸ்விலோவா அவருடைய கையெழுத்துப் பிரதிகளையும் குறிப்புகளையும் சேர்த்து அடுக்கிக் காத்தார். ஒரு பகுதி வியன்னாவின் திரைப்பட அருங்காட்சியகத்துக்கும் போய்ச் சேர்ந்தது. வெர்த்தோவை நாம் இவ்வளவு விரிவாக வாசிக்க முடிவதற்கு அவருடைய இந்த உழைப்பு ஒரு முக்கியக் காரணம். கடைசியில் அவர் எடிட் செய்தது கணவரின் வாழ்க்கையைத்தான்.

இதை எழுத எனக்கு ஒரு சொந்தக் காரணமும் உண்டு. எங்கள் டீமில் ஒரு தோழி ஆறு மாதம் உட்கார்ந்து, யாரும் தொடப் பயந்த பழைய கோடைப் பிரித்து ஒழுங்காக்கினாள். ரிலீஸ் மெயிலில் அவள் பெயருக்குப் பக்கத்தில் ‘உதவி’ என்று இருந்தது. மெயிலை எழுதியது நான்தான். அவள் ஒன்றும் சொல்லவில்லை.

போன வாரம் அவளுக்கு இந்தப் படத்தின் லிங்க்கை அனுப்பினேன். பிறகுதான் உறைத்தது: அனுப்ப வேண்டியது லிங்க் இல்லை, திருத்திய மெயில். எல்லோருக்கும்.