'கண்டெடுத்தது' பக்கத்தில் ஒரு பூட்டு

காகிதத்தில் தேதியைத் திருத்தினால் மை காட்டிக் கொடுத்துவிடும். கம்ப்யூட்டர் ஃபைலில் திருத்தினால்? அமெரிக்காவின் பெல்கோர் ஆய்வகத்தில் ஸ்டூவர்ட் ஹேபர், ஸ்காட் ஸ்டார்னெட்டா இருவரையும் குடைந்த கேள்வி இது.

'நம்பகமான ஒருவரிடம் பதிந்து வைக்கலாமே' என்பீர்கள். அவரே கைவரிசை காட்டினால்?

1991-ல் விடை சொன்னார்கள். ஒவ்வொரு ஆவணத்திலிருந்தும் கணக்குப் போட்டு 'ஹாஷ்' என்றொரு கைரேகை எடுக்கலாம். ஓர் எழுத்து மாறினாலும் ரேகை மாறிவிடும். ஒவ்வொரு பதிவிலும் முந்தைய பதிவின் ரேகையையும் சேர்த்துவிட வேண்டும். பேரேட்டில் முன்பக்கக் கூட்டுத்தொகையை அடுத்த பக்கத்துக்குக் கொண்டுபோவோமே, அதே சங்கதி. நடுவில் ஒன்றைத் தொட்டால் பின்னால் வருவதெல்லாம் இடிக்கும்.

சங்கிலி முழுவதையுமே ஒருவர் புதிதாகச் செய்துவிட்டால்? அதற்கும் வழி வைத்திருந்தார்கள். 1995 முதல் இவர்களுடைய ஷ்யூரிட்டி நிறுவனம் வாராவாரம் ஒரு ரேகையை நியூயார்க் டைம்ஸில் வரி விளம்பரமாகப் போட்டது, 'தொலைந்தது - கண்டெடுத்தது' பகுதியில்! அச்சாகி வீடு வீடாகப் போய்விட்ட பேப்பரை யார் திருத்த முடியும்?

2008-ல் பிட்காயினை அறிவித்த சடோஷி நகமோட்டோவின் கட்டுரையில் மேற்கோள்கள் மொத்தமே 8. அதில் 3 இவர்களுடையவை. பேப்பருக்குப் பதிலாக, பல ஊர்க் கம்ப்யூட்டர்களில் அதே கணக்கின் நகல். பிளாக்செயின் என்கிறோமே, அதன் சூட்சுமம் இவ்வளவுதான்: ஒரு சாட்சியை விலைக்கு வாங்கலாம், ஊரையே வாங்க முடியுமா?