ஆவிகளைத் தேடிய ஆவணப்படம்

பேய்ப்படத்தில் ஆவி வந்தால் பயப்படுவோம். கம்போடிய இயக்குநரும் திரைக்கதையாளருமான ரித்தி பானின் ‘பெயரில்லாக் கல்லறைகள்’ (2018) என்ற ஆவணப்படத்தில், ஆவி வராதா என்று ஏங்குகிறார்கள்.

1975 ஏப்ரலில் கெமரூஜ் படையினர் நொம்பென் நகர மக்களைக் கிராமங்களுக்கு விரட்டியபோது பான் சிறுவனாக இருந்தார். அடுத்த நான்கு ஆண்டுகளுக்குள் பெற்றோர் உட்பட உறவுகள் பலரை இழந்தார். 1979இல் தாய்லாந்துக்குத் தப்பி, பின்னர் பிரான்ஸ் சென்றார். படமாக்கப்படாத அந்தக் கொடுமைகளை ‘காணாமற்போன படம்’ (2013) என்ற ஆவணப்படத்தில் களிமண் பொம்மைகளால் காட்டினார்.

முறையான சடங்கின்றி இறந்தவரின் ஆவி அலையும் என்பது கெமர் மக்களின் நம்பிக்கை. அதனால் 2018 படத்தில் பான் தலையை மழித்து, பிக்குகளின் சடங்கில் அமர்கிறார். ஆவிகளோடு பேசுபவர்களின் துணையுடன் உறவுகள் புதைந்த இடத்தைத் தேடுகிறார். முதிய கிராமத்தவர்கள் பட்டினிக் காலத்தை நினைவுகூர்கிறார்கள். ஆவி உண்மையா என்று படம் விசாரிப்பதில்லை.

படத்தைப் பார்த்தபோது, காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைக்காகக் கோயில் கோயிலாகச் சாத்திரம் கேட்டுத் திரியும் எங்கள் அம்மாக்களை நினைத்தேன். அதை மூடநம்பிக்கை என்று என்னால் எழுத முடியாது. 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் அவர்கள் தெருவோரப் பந்தலில் அமர்ந்து கேட்டதும் அதே கேள்வியைத்தான்.

பானுக்கு உறவுகள் இறந்தது தெரியும்; இடம்தான் தெரியாது. எங்கள் அம்மாக்களுக்கு இரண்டுமே தெரியாது.